கமோத் சிங்கின் இரட்டைக் குழல்

காவலாளி வேலையில் முதலில் போவது கால்தான், ஐயா. உட்காரச் சொன்னீர்கள், நல்லதாயிற்று. கேட்டதை ஒழுங்காகச் சொல்கிறேன், எழுதிக்கொள்ளுங்கள்.

பெயர் கமோத் சிங். வயது அறுபத்தொன்று. இந்தப் பிண்டு ஊர்தான். இருபத்தாறு வருடம் குவாலியரில் ஒரு வங்கி வாசலில் நின்றேன். எங்கள் பக்கத்து ஆளுக்கு அந்த வேலை முகத்தைப் பார்த்துக் கிடைப்பதில்லை. சொந்தத் துப்பாக்கியும் லைசென்ஸும் இருந்தால் கிடைக்கும். என்னிடம் இரட்டைக் குழல் ஒன்று இருந்தது. என் பெயரில் வேறு எதுவும் இருந்ததில்லை.

மூன்று வருடம் முன்பு ஹோலிக்கு ஊருக்கு வந்திருந்தேன். மகன் ஜண்டேல் குடித்துவிட்டு, துப்பாக்கியை எடுத்து அவன் மனைவி ஊர்மிளாவின் நெற்றியில் வைத்தான். சுடவில்லை. வைத்தான், அவ்வளவுதான். மறுநாள் அவள் இந்தப் போலீஸ் ஸ்டேஷனுக்கு நடந்தே வந்து புகார் எழுதிக் கொடுத்துவிட்டாள். அப்போது இங்கே இருந்த இன்ஸ்பெக்டர் துப்பாக்கியைக் கோணியில் சுற்றி எடுத்துப்போனார். மகனுக்கு ஒரே வாரத்தில் ஜாமீன் கிடைத்தது. துப்பாக்கிக்குக் கிடைக்கவில்லை.

வங்கியில் பத்து நாள் பொறுத்தார்கள். பிறகு ஒரு பள்ளிக்கூட வாசலில் கம்போடு நின்றேன். அங்கே ஆட்டோக்காரர்கள், "என்ன பெரிசு, கம்ப வச்சு நீ நாய விரட்டுறியா, நாய் உன்ன விரட்டுதா?" என்பார்கள். நானும் சிரிப்பேன். அறைக்குப் போனால் ரொட்டியைத் தொடமாட்டேன். ஒவ்வொரு வாய்தாவுக்கும் பஸ் பிடித்து வந்து, கோர்ட் வராந்தாவில் நின்று, அடுத்த தேதியை வாங்கிக்கொண்டு திரும்புவேன். சில நாள் பஸ்ஸில் வாயில் துண்டை வைத்துக்கொண்டு அழுதிருக்கிறேன்.

கடைசியில் வக்கீல் திவாரிதான் சொன்னார். "நீ நூறு மனு போட்டாலும் நடக்காது கமோத். உன் மருமக கூண்டுல ஏறி, எனக்குப் பயமில்லன்னு ஒரு வார்த்தை சொல்லணும்."

நயமாகத்தான் கேட்டேன். அவள் கம்பு மாவைத் தட்டிக்கொண்டே, தலை நிமிராமல், "அது வீட்டுக்குள்ள வந்தா நான் உசுரோட இருக்க மாட்டேன் பாபுஜி. என்னைக் கேக்காதீங்க" என்றாள்.

அதற்குப் பிறகு பேத்தி கும்குமை இட்டாவாவில் என் தங்கை வீட்டுக்கு அழைத்துப் போனேன். ஐந்து வயது. பதினோரு நாள் இருந்தாள். ஜிலேபி தின்றாள், ஊஞ்சல் ஆடினாள். யாரும் ஒரு அதட்டல் போடவில்லை. எங்கே இருக்கிறாள் என்று ஊர்மிளாவிடம் மட்டும் சொல்லவில்லை. கோர்ட்டில் அந்த ஒரு வார்த்தையைச் சொன்னால் அன்றே வந்துவிடுவாள் என்றேன். பன்னிரண்டாம் நாள் வாய்தா. ஊர்மிளா கூண்டில் ஏறி, பயமில்லை என்றாள். நீதிபதி இரண்டு முறை கேட்டார், இரண்டு முறையும் சொன்னாள். அன்று மாலையே குழந்தையைக் கொண்டுவந்து அவள் மடியில் விட்டேன். நான் சொன்ன சொல் தவறுகிறவன் இல்லை.

துப்பாக்கியை என்னிடமே திருப்பித் தர உத்தரவாயிற்று. பெட்டியில் பூட்டி வைக்க வேண்டும், சாவி என்னிடமே இருக்க வேண்டும், மகன் கையில் படக்கூடாது. கையெழுத்துப் போட்டேன். வியாழக்கிழமை இந்த ஸ்டேஷனிலிருந்துதான் வாங்கிப்போனேன். வங்கியில் திங்கட்கிழமை வந்து வேலையில் சேரச் சொல்லிவிட்டார்கள்.

சனிக்கிழமை மத்தியானம் ஜண்டேல் அவளை அடித்தான். பருப்பில் உப்பு கூடிவிட்டதாம். உதடு கிழிந்து முற்றத்துக்கு வந்தவள், அவனை விட்டுவிட்டு என்னைப் பார்த்துச் சொன்னாள்: "இப்பவே ஸ்டேஷனுக்குப் போறேன். குழந்தைய எத்தனை நாள் ஒளிச்சு வச்சீங்க, நான் ஏன் அப்படிச் சொன்னேன், எல்லாத்தையும் சொல்றேன். அந்தத் துப்பாக்கி போன எடத்துக்கே திரும்பிப் போகட்டும்."

இன்னொரு மூன்று வருடம் என்னால் முடியாது, ஐயா. அப்போது என் தலைக்குள் இருந்தது அது ஒன்றுதான்.

கும்குமைப் பக்கத்து வீட்டுக்கு அனுப்பினேன். குழந்தை கண்ணில் படக்கூடாது பாருங்கள். பிறகு வாசல் கதவைத் தாழிட்டேன். மருமகளை உட்காரவைத்துப் பேசத்தான் தாழிட்டேன். ஜண்டேல் கையை நீட்டி, "சாவி" என்றான். கொடுத்தேன்.

அவள், "பாபுஜி, கதவத் தெறங்க" என்றாள். சத்தம் போடவில்லை. மரியாதை தெரிந்த பெண்.

சுட்டது மகன். அதை அவனே சொல்லியிருப்பான். சாவி கொடுத்ததை எழுதிக்கொண்டீர்கள். இன்னும் ஒன்று இருக்கிறது. பெட்டியிலிருந்து அவன் எடுத்தபோது துப்பாக்கி காலி. தோட்டாக்கள் என் சட்டைப் பையில் இருந்தன. குடித்திருந்தான். குழலை மடிக்கத் தெரியாமல் முரட்டுத்தனமாக இழுத்தான். கீல் உடைந்துவிடும் போலிருந்தது. அதனால் அதை வாங்கி, இரண்டு தோட்டாவையும் நானே போட்டு மூடி, அவன் கையில் கொடுத்தேன்.

துப்பாக்கி கெட்டுப்போகக் கூடாதே என்றுதான், ஐயா. எனக்கு வேறு கெட்ட எண்ணம் எதுவும் கிடையாது.