பல்லுக்குப் படம்

ரோடியன்: வாயை நல்லாத் திறங்க, அக்னியா தாரசவ்னா. இன்னும்...

அக்னியா: ஆ... ஆ...

ரோடியன்: பேசாதீங்க. காலால மிதிச்சு ஓட்டுற மெஷின் இது. கால் நழுவுச்சுன்னா நாக்கைத் துளைச்சிடும்.

அக்னியா: எடுங்க கையை! எத்தனை நாளைக்குத்தான் டாக்டர், பின்பல்லையே தேய்ப்பீங்க? முன்னாடி பாருங்க. அந்த ஓட்டையில டிராமே உள்ள வந்து திரும்பிப் போகலாம்.

ரோடியன்: மெல்ல... பக்கத்து அறைக்காரி காதுல விழுந்தா நாளைக்கே கிளினிக்ல போய்ச் சொல்லிடுவா. அரசாங்க டாக்டர் வீடு வீடாப் போய்ப் பல்லு கட்டுறான்னு.

அக்னியா: அவ வெண்ணெய் வரிசையில நிக்கப் போயிருக்கா. பேச்சை மாத்தாதீங்க. வியாழக்கிழமை மியூசியத்துல கண்காட்சி. போய்ச் சேர்ந்த என் புருஷனோட சிவப்பு முக்கோணம், கறுப்பு வட்டம் எல்லாம் உங்க வீட்டுச் சுவத்துலேர்ந்து அங்க போகுது. இத்தனை வருஷமா இந்த மாதிரிப் படத்தையெல்லாம் மியூசியம் நிலவறையில போட்டுப் பூட்டியிருந்தாங்க. இப்பத்தான் கதவைத் திறக்கிறாங்க. நிகனோர் பொண்டாட்டின்னு நான் அங்க பொக்கை வாயோட நிக்கணுமா?

ரோடியன்: முன்பல்லு கடைசியிலதான்.

அக்னியா: எந்தப் புத்தகத்துல எழுதியிருக்கு?

ரோடியன்: நம்ம பேச்சு அப்படி. காசு வாங்கினா எனக்கு ஜெயில். அதனால பல்லுக்குப் படம். பதினொரு பல்லு கட்டினேன், பதினொரு படம் கொடுத்தீங்க. பன்னிரண்டாவது எங்க? அந்தக் கப்பல்துறைப் படம்?

அக்னியா: இருக்கு... அலமாரி பின்னாடி.

ரோடியன்: நேவா ஆறு உறைஞ்சு கிடந்தப்போலேர்ந்து இதையே சொல்றீங்க. பனி உருகிக் கடலுக்கே போயாச்சு.

அக்னியா: கொடுத்துட்டா அப்புறம் இந்தப் படியேறுவீங்களா?

ரோடியன்: முன்பல்லைக் கட்டிட்டா அப்புறம் கதவைத் திறப்பீங்களா?

அக்னியா: ...டீ ஆறுது. ஜாம் எடுத்துக்குங்க. ஆமா, கிராம்புத் தைலம் கொண்டு வந்தீங்களா? ராத்திரியில ஒரே குடைச்சல்.

ரோடியன்: எந்தப் பக்கம்?

அக்னியா: இந்தப் பக்கம்.

ரோடியன்: அந்தப் பக்கம் பூரா நான் கட்டினது. பீங்கான் எப்போலேர்ந்து வலிக்க ஆரம்பிச்சுது?

அக்னியா: ஈறு வலிக்குது! ஈறு! பல்லு பொய்யின்னா ஈறும் பொய்யா?

ரோடியன்: சரி, சரி... இந்தாங்க புட்டி. ஒரு சங்கதி சொல்லணும். மியூசியத்து சோயா பாவ்லவ்னா நேத்து படமெல்லாம் எடுத்துப்போக வந்தா. ஒவ்வொண்ணையும் மோந்து பார்த்தா.

அக்னியா: படத்தை எவளாவது மோந்து பார்ப்பாளா?

ரோடியன்: 'ஆயிரத்துத் தொள்ளாயிரத்துப் பதினாறுல வரைஞ்ச படத்துல இப்ப எதுக்குக் கிராம்பு வாசனை வருது?'ன்னு கேட்டா.

அக்னியா: டீயைக் கலக்கித் தரேன், இருங்க.

ரோடியன்: கரண்டி ஏன் கிளாஸ்ல இப்படி அடிச்சுக்குது?

அக்னியா: வயசாச்சு, அடிச்சுக்குது. நீங்க என்ன சொன்னீங்க?

ரோடியன்: பல் டாக்டர் வீட்டுல ரொட்டிகூடக் கிராம்பு வாசனைதான் அடிக்கும்னேன். சிரிச்சுக்கிட்டே கட்டி எடுத்துட்டுப் போயிட்டா.

அக்னியா: எதுக்கு அப்படிச் சொன்னீங்க?

ரோடியன்: எதுக்குன்னு நீங்கதான் சொல்லணும்.

அக்னியா: ...கதவைச் சாத்துங்க.

ரோடியன்: சாத்தித்தான் இருக்கு.

அக்னியா: கை நடுங்குது, டாக்டர். சாயம் சீக்கிரம் காஞ்சுட்டா போட்ட கோட்டைத் திருத்த முடியலை. ரெண்டு சொட்டுக் கிராம்புத் தைலம் விட்டா நாள் கணக்கா ஈரமாவே இருக்கும்... பழைய படமெல்லாம் யுத்தத்துல ஊரை முற்றுகை போட்டிருந்த குளிர்ல அடுப்புக்குள்ள விறகாப் போயிடுச்சு. எனக்குப் பல்லு வேணும், வீட்டுல படமில்லை. சந்தையில யாரோ வரைஞ்ச பழைய பூச்சாடிப் படங்களை வாங்கி, அதுக்கு மேல வரைஞ்சேன். பதினொண்ணும் இந்த மேஜையில வரைஞ்சதுதான்.

ரோடியன்: அப்போ மியூசியம் நிலவறையில ஒரு மூணு இருக்கே? நிகனோர் இளவட்டமா இருந்தப்பவே கொடுத்தது?

அக்னியா: அதுவும் நான்தான்.

ரோடியன்: என்னது!

அக்னியா: பொம்பளை வரைஞ்சதுன்னா அப்போ ஒருத்தரும் நின்னு பார்க்கலை. அவர் கையெழுத்துப் போட்டாரு, நின்னு பார்த்தாங்க. அவருக்குக் கையெழுத்து மட்டும் ரொம்ப அழகா வரும்.

ரோடியன்: ...இது எனக்குத் தெரியாது.

அக்னியா: அடுப்புக்குப் போனதும் என் படம், அதை நினைவுல வெச்சுத் திரும்ப வரைஞ்சதும் நான். போலின்னா கையெழுத்து ஒண்ணுதான் போலி. அலமாரியைத் தள்ளுங்க... அதான் கப்பல்துறை. மூலையில என்ன எழுதியிருக்கு, படிங்க.

ரோடியன்: 'அக்னியா'...

அக்னியா: முதல் தடவையாப் போட்டேன். பழக்கமில்லை, கோணிக்கிட்டுது.

ரோடியன்: இதைப் பக்கத்துல மாட்டினா எல்லாம் ஒரே கைன்னு குருடனுக்குக்கூடத் தெரிஞ்சிடும். லெனின்கிராட் பூரா என்னை 'நிகனோர் படம் வெச்சிருக்கிறவர்'னு சொல்லுது. அந்தப் பேரு போச்சு.

அக்னியா: தெரியும். அதனாலதான் காட்டலை. திரும்பவும் அலமாரி பின்னாடி தள்ளிடுங்க. பையைத் தூக்கிட்டுக் கிளம்புங்க. பொக்கை வாயோட நிகனோர் பொண்டாட்டியா நின்னுட்டு வந்துடறேன். பொண்டாட்டியா நின்னு பழக்கம்தானே.

ரோடியன்: உட்காருங்க. வாயைத் திறங்க.

அக்னியா: எதுக்கு?

ரோடியன்: முன்பல்லு. நேவா உறைஞ்சு கிடந்தப்பவே செஞ்சாச்சு. பையிலதான் கிடக்கு.

அக்னியா: அடப்பாவி டாக்டர்! செஞ்சு வெச்சுக்கிட்டா என்னை இத்தனை நாளா...

ரோடியன்: ஆடாதீங்க. வியாழக்கிழமை பன்னிரண்டையும் மாட்டப்போறோம். வரைஞ்சவங்க பொக்கை வாயோட நின்னா நல்லாவா இருக்கும்? கடிங்க... ம். இப்பச் சிரிங்க.

அக்னியா: இருங்க, இருங்க. நான் வரையறது உங்களுக்கு அந்தச் சோயா மோந்து பார்த்தப்புறம்தானே தெரிஞ்சுது?

ரோடியன்: முதல் படத்தை வீட்டுல போய்ப் பிரிச்சப்பவே வாசனையில தெரிஞ்சுபோச்சு. பின்ன எதுக்கு ஒவ்வொரு தடவையும் போன தடவையைவிடப் பெரிய புட்டியாக் கொண்டுவந்தேன்?