“ரெடி லா” என்றார் சீதாலெட்சுமி

இந்த அவைக்கு அணியாய் வீற்றிருக்கும் தலைவர் கமலநாதன் அவர்களே, பிரிக்பீல்ட்ஸ் மண்டபம் நிறைந்த பெரியோர்களே, ஞாயிற்றுக்கிழமைச் சமையலைச் சற்றே ஒதுக்கிவிட்டு வந்திருக்கும் தாய்மார்களே, இளையோரே, உங்கள் எல்லாருக்கும் என் நெஞ்சம் நிறைந்த வணக்கம்.

நாளைய வேலையைப் பற்றிப் பேச அழைத்தீர்கள். நான் நேற்றைய கதை ஒன்றைச் சொல்கிறேன். தெலுக் பங்லிமா காராங்கில் ஒரு கிடங்கு. அங்கே சரக்கு எடுப்பவர்கள் சீதாலெட்சுமியும் உஷாராணியும். போன ஆண்டு அவர்கள் தலையில் ஒரு கருவியை மாட்டினார்கள். எந்த அடுக்கில் எந்தப் பெட்டி என்று அது காதில் சொல்லும். எடுத்து முடித்ததும் இவர்கள் “ரெடி” என்று சொல்ல வேண்டும்.

சீதாலெட்சுமி என்ன சொன்னார்? “ரெடி லா.” நம் மலேசியப் பேச்சில் எதோடும் ஒட்டிக்கொள்ளும் அந்த ‘லா’ கருவிக்குப் புரியவில்லை; ‘ஸே அகேன்’ என்றது. மறுபடி சொன்னார்: “ரெடி லா, சொல்றேன்ல.” மறுபடியும் ‘ஸே அகேன்’.

சிரிக்கிறீர்கள். சிரியுங்கள். ஆனால் அந்தத் தாமதம் அத்தனையும் அவர் தலையில் விழுந்தது. மேற்பார்வையாளர் குகன் கெஞ்சிப் பார்த்தார்: “அக்கா, மிஷின் மாதிரி பேசுங்க லா.” பிறந்தது முதல் நாவில் ஊறிய சொல், ஒரு மாதத்தில் ஓடிவிடுமா? சொல் போகவில்லை. சீதாலெட்சுமியின் வேலை போனது.

அடுத்து, அதே ‘லா’வுக்காக உஷாராணிக்கு எச்சரிக்கை வந்தது. அவர் வீட்டில் சம்பாதிப்பவர் அவர் ஒருவர்தான். கருவியைப் பழுதுபார்க்க ஆள் வந்த அன்று, நேரே போய் நின்றார்.

“நான் அதுக்குப் பழகுறேன் தம்பி. அது எனக்குப் பழகாதா?”

“பழகும் ஆன்டி. உங்க குரலைப் பதிவு செஞ்சா போதும், அரை மணி நேரம்தான். யாரும் சொல்லலையா?”

யாரும் சொல்லவில்லை, அவையோரே. யாருமே சொல்லவில்லை. கேட்டிருக்கலாமே என்பீர்கள். கேட்கலாம் என்று நம்மில் யார் கற்றுக்கொடுத்தோம்? கருவியின் முன் கைகட்டக் கற்றுக்கொடுத்தோம், தலையாட்டக் கற்றுக்கொடுத்தோம், கேள்வி கேட்கக் கற்றுக்கொடுத்தோமா? இன்று உஷாராணியின் ‘லா’வை அந்தக் கருவி மறுபேச்சின்றி ஏற்கிறது. இயந்திரம் கற்க அரை மணி நேரம் கொடுத்தவர்கள், சீதாலெட்சுமிக்கு அதைக்கூடக் கொடுக்கவில்லை.

அதனால்தான் இன்று இந்த மண்டபத்தில் நாம் தொடங்கும் இந்தக் கணினி வகுப்பு. இங்கே முதல் பாடம், தெரியாததைக் கேட்பது. முதல் மாணவி மூன்றாம் வரிசையில் உட்கார்ந்திருக்கிறார். சீதாலெட்சுமி அம்மா, விளக்கேற்ற மேடைக்கு வாருங்கள். ரெடியா?

சொல்லிவிட்டார். உங்களுக்கும் கேட்டதல்லவா? எனக்கு ஒரே தடவையில் புரிந்தது.

பொறுமையாய்ச் செவிகொடுத்த உங்களுக்கு நன்றி. வணக்கம்.