யுத்த காலத்துப் படத்தில் அறுவடை

1970, தை 7, காலை 9.10. வயல்களில் பனி விலகவில்லை. திருவாரூரிலிருந்து நன்னிலம் போகும் பேருந்தில் என் முன் இருக்கையில் இருவர். ஒருவர், குத்தகை நிலத்தைத் தன் பெயரில் பதிய மனுக் கொடுத்திருந்த விவசாயி. மற்றவர் அவருடைய மச்சான்.

“நேத்து எங்கப்பாவச் சுவத்துல பாத்தேன் மச்சான். சிரிக்கிறாரு.”

“அவர் போயி பதினாறு வருஷமாச்சே மாப்ள.”

“யுத்தத்தப்ப பண்ணையார் மகன் லீவுல வந்து எடுத்த அறுவடைப் படம். வீட்டுக்குக் கூப்பிட்டு, சினிமா மாதிரி மிஷின்ல ஓட்டிக் காட்டினாரு.”

“அப்ப சாட்சி கெடச்சுதுன்னு சொல்லு. அப்பா கருது அறுக்குறாருல்ல?”

“எங்க? படம் புடிக்கிறாங்கன்னு வெள்ள வேட்டி கட்டிக்கிட்டு, அருவாளப் பண்ணையார் கையில குடுத்துட்டு, அவருக்குக் குடை புடிச்சுக்கிட்டு நிக்கிறாரு.”

“கெடுத்தாரே. வருஷம் பூரா உழுதவரு, அன்னிக்கு ஒரு நாள் பாத்தா மரியாத குடுக்கணும்?”

“பண்ணையாரே சாகுபடி பண்ணினதுக்கு இதான் அத்தாட்சின்னு இன்னிக்குத் தாசில்தார்கிட்ட போட்டுக் காட்டப் போறாங்களாம்.”

“காட்டக்கூடாதுன்னு சண்ட போடு.”



“காட்டட்டும் மச்சான். அப்பா வரப்புல நடந்து வர்றத இன்னொரு தடவ பாத்துக்குறேன். அப்புறம் சண்ட போடுறேன்.”

அதற்குள் நான் இறங்க வேண்டிய இடத்தைத் தாண்டி பேருந்து மூன்று நிறுத்தம் போயிருந்தது. கண்டக்டர் என்னிடம் மேற்கொண்டு இருபது பைசா வாங்கினார்.