இன்னும் ஒருவர் உள்ளே

இரவு இரண்டு மணி. லண்டன் கிங்ஸ்பரியில் பிரயென்ட் வே என்றொரு வீதி இருக்கிறது. இரு பக்கமும் புல்வெளியும் புதரும். வீடு கிடையாது. கடை கிடையாது. விளக்கு வெளிச்சம் ஒன்று முடிந்து மற்றது தொடங்குவதற்கு இடையில் நல்ல இருட்டு. பனி பட்ட புல்லின் மணம்... எங்கோ ஒரு நரி, பிள்ளை அழுவதுபோலக் கத்துகிறது.

அந்த வீதியால் ஓர் இளைஞன் தனியே நடந்து வருகிறான்.

அவன் பெயரைப் பிரியந்தன் என்று வைத்துக்கொள்ளுங்கள். இங்கே கோவில் மண்டபத்தில் எல்லாருக்கும் தேத்தண்ணி ஊற்றிக்கொண்டிருக்கிற கல்யாணிக்கு ஒரு சிநேகிதி. அந்தச் சிநேகிதியின் ஒன்றுவிட்ட தம்பிதான் இவன். உண்மைப் பெயர் வேறு. மதிப்பான குடும்பம். சிவராத்திரிக்குக் கண் விழிக்கிறவர்கள் நித்திரை வராமல் இருக்கக் கேட்கலாம்; விடிந்தபின் யார் எவரென்று ஆராயக் கூடாது.

"பேய்க்கதை எண்டு சொல்லிப்போட்டு முதல்ல சட்டமெல்லோ வாசிக்கிறியள்," என்றார் கதை கேட்க முன்னால் இருந்த யோகமலர், போர்வையைக் கழுத்துவரை இழுத்துக்கொண்டு.

சட்டம் முடிந்தது. மூன்றாம் சாமப் பூசைக்கு மணி அடிக்குமுன் கதையும் முடிந்துவிடும்.

பெற்றோல் நிலையத்தில் வேலை முடிந்து பிரியந்தன் வந்துகொண்டிருந்தான். கடைசி பஸ் போய்விட்டது. பாதி வழியில் கைப்பேசி அடித்தது. தெரியாத இலக்கம்.

"அண்ணா... நான் கௌசியின்ர ஹஸ்பண்ட் கதைக்கிறன். வைச்சிடாதேங்கோ."

பிரியந்தன் வைக்கவில்லை. கௌசி அவனுடைய ஒரே தங்கை.

"அவா சாப்பிடுறா இல்லை அண்ணா. ஆஸ்பத்திரியில வைச்சிருக்கினம். மூக்கால குழாய் விட்டிருக்கினம். அதையும் இழுத்து எறியிறா. எல்லா டெஸ்டும் எடுத்திட்டினம், ஒண்டும் இல்லையாம். கேட்டா, எனக்குப் பசிக்கேல்லை, நான் இப்பதானே சாப்பிட்டனான் எண்டுறா."

"எப்பயிருந்து?"

அவன் ஒரு நாளைச் சொன்னான். பிரியந்தனுக்கு அந்த நாள் தெரியும்.

"புட்டும் கணவாய்க் கறியும் சாப்பிட்டனான் எண்டுறா அண்ணா. எங்கட வீட்டில கணவாய் சமைச்சதேயில்லை. எனக்கு ஒத்துக்கொள்ளாது..."

நரியின் சத்தம் நின்றுவிட்டது. பிரியந்தன் கைப்பேசியைச் சட்டைப்பைக்குள் வைத்துக்கொண்டு நடந்தான்.

இனி அந்த நாளைப் பற்றிச் சொல்லவேண்டும்.

கௌசி தானே தேடிக்கொண்ட ஒருவனைப் பதிவுத் திருமணம் செய்துகொண்டு, லண்டனின் மறுகோடியில், நோர்பரிக்குப் போய்விட்டாள். அவன் எந்த ஊர், எந்தப் பகுதி என்பதெல்லாம் இந்தக் கதைக்குத் தேவையில்லை. தகப்பன் ஞானேஸ்வரன் ஒரு சொல்லும் கத்தவில்லை. குளியலறைக்குள் போய்த் தலையில் தண்ணீரை வார்த்துக்கொண்டு வந்தார். "என்ர மகள் செத்திட்டாள்," என்றார். ஆத்திரத்தில் பலர் சொல்வதுதான். ஆனால் ஞானேஸ்வரன் ஒன்றைச் சொன்னால் அதைச் செய்து முடிக்கிற மனிதர்.

எட்டாம் நாள், செத்தவருக்குப் பிடித்ததைச் சமைத்துப் படைக்கிற எட்டுச்செலவைச் செய்தார்.

உயிரோடு இருக்கிற பிள்ளைக்கு.

ஐயர் எவரையும் கேட்கவில்லை, கேட்டாலும் வரமாட்டார்கள். தாய் இல்லாத வீடு. ஆகவே பிரியந்தன்தான் சமைத்தான். தங்கைக்கு எது பிடிக்கும் என்று அவனுக்குத்தானே தெரியும். புட்டு அவித்தான். கணவாய்க் கறி வைத்தான். அவள் சிப்ஸுக்கு வினாகிரிப் புளிக்காடியை நனைய நனைய ஊற்றிச் சாப்பிடுகிறவள். தெருமுனைக் கடையில் போய் வினாகிரி ஊற்றிய சிப்ஸும் வாங்கி வந்தான். மேல்மாடியில் அவளுடைய சின்ன அறையில் தலைவாழை இலை விரித்துப் படைத்தார்கள். விளக்கு ஏற்றினார்கள். செத்தவர் வந்து சாப்பிடட்டும் என்று கதவைச் சாத்திவிட்டு வெளியே நின்றார்கள்.

அதுவரைக்கும் முறைப்படிதான். முறைப்படி, சற்று நேரம் பொறுத்துக் கதவைத் தட்டித் திறக்கவேண்டும்.

ஞானேஸ்வரன் திறக்கவில்லை. பூட்டினார். "இனித் திறக்கிறதுக்கு என்ன கிடக்குது?" என்று சொல்லித் திறப்பை மடியில் செருகிக்கொண்டு கீழே இறங்கிப் போனார்.

பிரியந்தனும் இறங்கினான். தகப்பன் சொல்லை மீறிப் பழக்கமில்லாத பிள்ளை. அவனுக்கு அழுகை வரவில்லை. கோபமும் வரவில்லை. பல்லுக்கு ஊசி போட்டபின் கன்னம் இருக்குமே, மனம் அப்படி இருந்தது. ஒன்றை மட்டும் கவனித்தான். நாட்கள் போயின. புட்டும் கணவாயுமாய்ப் பூட்டிக் கிடந்த அறை... நாறவேயில்லை.

அந்தக் காலத்தில்தான் அவன் அந்தக் கருவியை வாங்கினான். பிள்ளைகள் முகத்தில் கட்டிக்கொண்டு கையை வீசிச் சுவரில் முட்டுகிறார்களே, அந்த வீ.ஆர். ஹெட்செட். வேலையிடத்துத் தோழன் ஷெறோன்தான் பழக்கிவிட்டவன்.

"மச்சான், காசு குடுத்துக் கடையில கேம் வாங்கிறவன் விசரன். டிவலப்பர் மோடைப் போடு. கேபிளை லப்டொப்பில குத்து. உள்ள விடலாமோ, 'அலோ' பண்ணலாமோ எண்டு கேக்கும், ஓமெண்டு அமத்து. ஃபைலை இழுத்துப் போடு. முடிஞ்சுது."

"அது எங்க போய் இருக்கும்?"

"தனி லிஸ்ட் ஒண்டு இருக்கு. 'அன்னோன் சோர்சஸ்'. எங்கயிருந்து வந்ததெண்டு தெரியாததெல்லாம் அதுக்குள்ளதான் கிடக்கும்."

இரவில் நித்திரை வராதபோது பிரியந்தன் இணையத்தில் யார் யாரோ போட்டு வைத்த விளையாட்டுகளைத் தேடித் தேடி இறக்கினான். பாதி வேலை செய்யாது. ஒன்று மட்டும் வேலை செய்தது. அதற்குப் பெயரில்லை, இலக்கங்கள் மட்டும். செய்தவர் யாரென்றும் இல்லை. கீழே ஒரே ஒரு வரி ஆங்கிலத்தில்: உங்கள் வீட்டில் விருந்து.

முதலில் வீட்டைக் காட்டச் சொன்னது. கருவியை மாட்டிக்கொண்டு அறை அறையாக நடந்தான். போகிற இடமெல்லாம் சுவரில் வெள்ளைக் கோடுகள் படர்ந்தன. தளபாடங்களின் மேல் எழுத்து விழுந்தது. மேசை. சோபா. கதவு. மேல்மாடியில் கௌசியின் பூட்டிய கதவுக்கு முன்னால் வந்ததும் அவன் திரும்பிவிட்டான். கோடுகள் திரும்பவில்லை. கதவின் அடியால், தண்ணீர் போல, உள்ளே ஓடின.

பிறகு விருந்து. அழைப்பு மணி அடிக்கும். திறந்தால் விருந்தாளிகள் வருவார்கள்; சாம்பல் நிறம், முகமில்லை. இருத்தவேண்டும். தேத்தண்ணி கொடுக்கவேண்டும். ஒவ்வொருவராக எழுந்து போவார்கள்; வாசல்வரை போய் வழியனுப்பவேண்டும். எல்லாரும் போனால் விளையாட்டு முடியும். அவ்வளவுதான்.

முடியவில்லை.

எல்லாரும் போய்விட்டார்கள். முன்னறை வெறுமையாய்க் கிடந்தது. கண்ணுக்கு முன்னால் எழுத்து மினுங்கியது: இன்னும் ஒருவர் உள்ளே.

சமையலறையில் பார்த்தான். குளியலறையில் பார்த்தான். யாருமில்லை. காதோரமாக மேலேயிருந்து ஒரு சத்தம்... செம்பை நிலத்தில் வைக்கிற சத்தம்.

மறுநாள் ஷெறோனுக்குச் சொன்னான். ஷெறோன் தன் வீட்டில் அதே ஃபைலைப் போட்டுப் பார்த்தான். "எனக்கு வடிவா முடிஞ்சுதே. உன்ரையில ஏதோ பக், பிழை இருக்கு மச்சான். இல்லாட்டி உன்ர விருந்தாளிக்குப் பஸ் இல்லைப்போல," என்று சிரித்தான்.

பிரியந்தன் சிரித்தானா என்பது அவனுக்கே ஞாபகமில்லை. ஒவ்வோர் இரவும் போட்டுப் பார்த்தான். ஒவ்வோர் இரவும் இன்னும் ஒருவர் உள்ளே.

இதெல்லாம் அந்தத் தொலைபேசி வருமுன். இப்போது பிரயென்ட் வேயால் நடந்து வந்தவனுக்கு, அந்த அறைக்குள் இருப்பது யாரென்று விளங்கிவிட்டது. வந்ததும் வராததுமாகத் தகப்பனை எழுப்பினான்.

"அப்பா, கௌசிக்கு ஏலாதாம். ஆஸ்பத்திரியில கிடக்கிறாளாம்."

"ஆர் கௌசி?"

"அப்பா..."

"எனக்கு ஒரு பிள்ளைதான். முன்னால நிக்குது."

"சாப்பிடுறாள் இல்லையாம். செத்துப்போவாள் அப்பா. அந்த அறையை ஒருக்காத் திறந்துவிடுங்கோ. திறப்பைத் தந்தாலும் போதும்."

"படைச்சுச் சாத்தினது சாத்தினதுதான்." ஞானேஸ்வரன் சுவர்ப்பக்கம் திரும்பிப் படுத்தார். "லைட்டை நூத்துப்போட்டுப் போ."

பிரியந்தன் விளக்கை அணைத்தான். கதவை உடைத்திருக்கலாம். அவனுக்கு அது தோன்றவே இல்லை. தகப்பன் பூட்டிய கதவு அது. ஆனால் கருவிக்குள் இருக்கிற கதவைத் தகப்பன் பூட்டவில்லையே... அதைத் திறந்தால் சொல்லை மீறியதாகாதே... இப்படித்தான் யோசித்தான். யோசித்தான் என்றுகூடச் சொல்லமுடியாது. கை தானாகப் போய்க் கருவியை எடுத்தது.

மாட்டினான். பெயரில்லாததைத் தொடங்கினான். மணி அடிக்கவில்லை. விருந்தாளிகள் வரவில்லை. எழுத்து மட்டும் நின்றது. படிக்கட்டுக் கைப்பிடியைப் பிடித்துக்கொண்டு மேலே ஏறினான். கருவிக்குள் தெரிகிற படியும் காலில் படுகிற படியும் ஒன்றாகவே இருந்தன. கௌசியின் கதவு. முதலில் தட்டினான், முறை அதுதானே. கையை நீட்டிப் பிடியைத் திருகினான்.

கண்ணுக்குக் கதவு திறந்தது. விரல் முட்டிகள் மூடிய மரத்தில் இடித்து நின்றன.

உள்ளே விளக்கு எரிந்துகொண்டிருந்தது. இலைக்கு முன்னால், முதுகு காட்டி, சம்மணமிட்டு ஒரு பெண். தலை முழுகிய ஈரத்தோடு துவாய் சுற்றியிருந்தாள். வலது கை இலைக்கும் வாய்க்குமாகப் போய் வந்துகொண்டிருந்தது. இலையில் ஒன்றுமில்லை. கை நிற்கவில்லை.

"கௌசி," என்றான். "காணும். எழும்பு."

கை நின்றது.

எழுந்தாள். திரும்பினாள். மற்ற விருந்தாளிகளைப் போலவே... முகமில்லை. அவனைக் கடந்து போனாள். குளிர் அடிக்கவில்லை, காற்று வீசவில்லை. அவன் ஒன்றையும் உணரவில்லை. வினாகிரி மட்டும் மணந்தது. கருவியால் மணத்தைக் காட்டமுடியாது என்பது உங்களுக்குத் தெரியும். அவள் இறங்க இறங்கப் படிகள் ஒவ்வொன்றாக முனகின.

அவன் பின்னால் போய் வாசலைத் திறந்துவிட்டான். 'போட்டு வாறன்' என்று சொல்லாமல் போனாள். செத்தவீட்டிலிருந்து போகிறவர்கள் சொல்வதில்லை.

விருந்து முடிந்தது என்று எழுத்து வந்தது.

கருவியைக் கழற்றினான். வாசற்கதவு சங்கிலி போட்டபடியே கிடந்தது.

விடியுமுன் கௌசியின் கணவன் மறுபடி போன் எடுத்தான். அழுகையும் சிரிப்புமாகக் கதைத்தான். "அண்ணா, எழும்பி இருக்கிறா. பசிக்குதாம். நேர்ஸிட்ட ரெண்டாந்தரம் டோஸ்ட் வாங்கிச் சாப்பிட்டிட்டா. அப்பாவைப் பாக்கவேணும் எண்டு அழுறா. கூட்டிக்கொண்டு வரலாமோ?"

"கதவை எப்பிடித் திறந்தவை?" என்று யோகமலர் கேட்டார். பகிடியாகக் கேட்கவில்லை.

தகப்பன்தான் திறந்தார். சமையலறையில் பிரியந்தன் செய்தியைச் சொன்னபோது ஞானேஸ்வரன் குடித்துக்கொண்டிருந்த தேத்தண்ணியை மேசையில் வைத்தார். பிறகு மடியிலிருந்து திறப்பை எடுத்தார்.

"பின்னேரமா வரச்சொல்லு," என்றார். "அதுக்கிடையில அறையைக் கூட்டி மெழுகவேணும். தும்புத்தடியை எடு."

பெருமையுள்ள மனிதர் தாழ்ந்து வருவது எவ்வளவு பெரிய காரியம் என்று வீட்டில் ஒருவரை வைத்திருக்கிறவர்களுக்குத் தெரியும். அன்று அவர் படியேறிய வேகத்தைப் பிரியந்தன் இன்றைக்கும் சொல்லுவான்.

பூட்டு லேசாகத் திறந்தது.

அறை துப்பரவாக இருந்தது. தூசி இல்லை. பழைய இலை, புட்டுத் துகள் ஒன்றும் ஒட்டாமல், மடித்துச் சுவரோரம் வைத்திருந்தது. நிலத்தின் நடுவில் இன்னோர் இலை. இன்றைக்கு வெட்டியதுபோல் பச்சை. தண்ணீர் தெளித்திருந்தது, துளிகள் அசைந்துகொண்டிருந்தன. பக்கத்தில் செம்பு. இலைக்கு எதிரே, இருக்கப்போகிறவருக்காக ஒரு பாய்.

இரண்டு பேரும் வாசலில் நின்றார்கள். அந்த வீட்டில் இலையை விரித்துவிட்டு வெறுமையாக விடுகிற வழக்கம் இல்லை. வேறொருவர் இருக்காவிட்டால், பின்னேரம் வந்து அந்த இலைக்கு முன்னால் இருக்கப்போகிறவள் யாரென்று இரண்டு பேருக்கும் தெரியும்.

"நான் பாயில இருக்கிறன் அப்பா," என்றான் பிரியந்தன். தன் குரல் தூரத்தில் கேட்டதுபோல் இருந்தது அவனுக்கு.

"நீ விலகு. கூப்பிட்டு இருத்தினது நான்."

ஞானேஸ்வரன் வேட்டியை ஒதுக்கிக்கொண்டு பாயில் சம்மணமிட்டு அமர்ந்தார். முதுகு நிமிர்ந்திருந்தது. செம்பில் கை நனைத்தார். மகனைத் திரும்பிப் பார்க்கவில்லை.

"வந்தாளெண்டால், அப்பா சாப்பிடுறார் எண்டு சொல்லு," என்றார். "இப்ப கதவைச் சாத்து."

தகப்பன் சொல்லை மீறிப் பழக்கமில்லாத பிள்ளை. சாத்தினான்.

வெளியே நின்றான். இலை வெறும் இலை என்பதை அவன் கண்ணால் கண்டிருந்தான். ஆனாலும் உள்ளே... மெதுவாக... ஈரச் சோற்றைக் கையால் குழைக்கிற சத்தம் தொடங்கியது.