வரப்புக்கு வேற கோர்ட்டு

இல்லீங்க குமாஸ்தா ஐயா, புது வழக்கு போட வர்ல. பழசுதான். பாகூர் மண்ட ஒடஞ்ச வழக்கு. நீங்க இங்க புதுசு போல, உங்களுக்குத் தெரிஞ்சிருக்காது. ஜெயில்ல இருக்கற மணவாளன் எந்தம்பி. ஒடஞ்ச மண்ட என்னுது. இதோ, தொட்டுப் பாக்கறீங்களா? வேணாமா, சரி.

எங்கப்பா சாவறதுக்கு முந்தி ஏரிப் பாசனக் கழனிய ரெண்டாப் பிரிச்சி நடுவுல ஒரு வரப்பு போட்டாரு. அது மேல ஒரு மாடு தாராளமா நடக்கும். வருசா வருசம் வரப்பு ஓரத்தச் செதுக்கி அண்ட வெட்டறப்ப எம் பக்கம் நான் ஒரு விரக்கட சொரண்டுவன். அவம் பக்கம் அவன் ஒரு விரக்கட சொரண்டுவான். பன்னெண்டு வருசத்துல அது அர்ணாக்கவுறு மாதிரி ஆயிப்போச்சி. நாத்துக்கட்டத் தூக்கிக்கினு மொதல்ல வுழுந்தது நாந்தான். சேத்துல குந்திக்கினே எந்தம்பி வரப்புத் திருடன்னு கத்தனன். நான் சொரண்டனது அப்ப ஞாபகமே வர்லீங்க.

சிரிங்க, பரவால்ல. எம் பொண்டாட்டி காசம்மா இன்னும் சிரிக்கறா.

நேரா புதுச்சேரிக்கு வந்து ஒரு வக்கீலப் புடிச்சன். இது சிவில் வழக்குப்பா, அளக்கணும், நொத்தேர் எழுதன பத்திரத்தப் பாக்கணும், அப்பீல் போவும், தீர்ப்பு உம் பேரன் கையிலதான் வரும்னாரு. எனக்கு இன்னம் புள்ளையே இல்லீங்க. வேற வழி இல்லியான்னன். அடிதடி, ரத்தக்காயம்னா கிரிமினல், ஒரு மாசத்துல முடிஞ்சிடும்னு அவரு பேச்சுக்குச் சொன்னாரு. நான் அத வேட்டி முந்தில முடிஞ்சிக்கினு வூட்டுக்கு வந்துட்டன்.

அடுத்த வாரம் வரப்புமேல எங்க ரெண்டு பேருக்கும் சண்ட. மேலன்னா மேல இல்ல, நிக்க ஏது எடம்? ஆளுக்கொரு பக்கம் சேத்துல நின்னுக்கினு. அன்னிக்கே நான் ரத்தம் ஒழுவ போலீசு சாவடில போய் நின்னன். சாவடி சொல்தா போலீசுங்க வந்து அவனப் புடிச்சிக்கினு போனாங்க.

கோர்ட்டுல பிரான்சுக்கார ஜட்ஜி, பக்கத்துல அவரு பேச்சத் தமிழுல சொல்ற துபாசி. அண்ணன நீ அடிச்சியான்னு துபாசி கேக்கறாரு. மணவாளன் என் மண்டக் காயத்துமேல இருந்த கட்ட ஒரு தடவ பாத்தான். ஆமாம்னுட்டான். ஆறு மாசம் போட்டுட்டாங்க.

அப்பவாவது நான் வாய மூடிக்கினு வந்தனா? கையக் கட்டிக்கினு, தொர, வரப்பு யாருக்குன்னு கேட்டன். ஜட்ஜி துபாசியப் பாக்கறாரு, துபாசி என்னப் பாக்கறாரு. இது ஒடஞ்ச மண்டைக்குக் கோர்ட்டுப்பா, வரப்புக்கு வேற கோர்ட்டுன்னாரு. தம்பியும் போனான், வரப்பும் வர்ல. என்னாட்டம் புத்திசாலி உங்க ஆபீசுலயாவது ஒருத்தரு இருக்காரா?

குந்துங்கய்யா, எழுந்திரிக்காதீங்க, முடிச்சிடறன்.

தம்பி கழனி தரிசாக் கெடக்குது. நாத்தங்கால்ல நாத்து முத்திப்போவுது. அவம் பொண்டாட்டி கலியம்மா ஒண்டியா அல்லாடறா. நான் ஏரு பூட்டிக்கினு போனா மாட்ட மறிக்கறா. நேத்து வெக்கத்த வுட்டு அவளையே கேட்டன், அவன் ஏம்மா ஆமாம்னான்னு. அவ மொகத்தத் திருப்பிக்கினே சொல்றா. ஜெயிலுக்குப் பாக்கப் போனப்ப அவளும் அதத்தான் கேட்டாளாம். அதுக்கு அவன், நான் இல்லன்னு சொன்னா பொய் கேசுன்னு அண்ணனத் தூக்கி உள்ள போட்டுடுவாங்க, அது வயித்து நோவுக்கார மனுசன், ஜெயிலுக் களி அதுக்கு ஒத்துக்காதுன்னானாம்.

அழுதுட்டங்க. இம்மாம் பெரிய ஆம்பள, தெருவுல நின்னு அழுதன்.

கல்லாலதாங்க நானே போட்டுக்கினன். மொதப் போட்டுல ரத்தம் வர்ல, நான் பயந்தாங்கொள்ளி. ரெண்டாவது கொஞ்சம் அதிகமாயிடுச்சி. அந்த நேரத்துல அவன் வூட்டுல சோறு துன்னுக்கினு இருந்தான்.

பேனாவ எடுங்க. எம் பேரு வைத்தியலிங்கம். அடிபட்டவன் எடத்துல அந்தப் பேரு இருக்கும், அது அப்பிடியே இருக்கட்டும். அடிச்சவன் எடத்துல மணவாளன்னு இருக்குது பாருங்க, அத எடுத்துட்டு அங்கயும் என் பேரையே எழுதுங்க.