குப்புறக் கிடந்த கல்

என் பெயர் டோர்க்வில் நிகல்சன். வயது எழுபத்து மூன்று. படகுத்துறையில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவன். ஸ்காட்லாந்து, ஸ்கை தீவு, கில்வோர் கிராமம், தேவாலயச் சாலையின் கடைசி வீட்டில் தனியாகக் குடியிருக்கிறேன்.

எங்கள் ஊர்ப் பழைய கல்லறைத் தோட்டத்தில் உள்ள கற்களின் வாசகங்களை எழுத்துப் பிசகாமல் படியெடுக்கும் வேலையை நானும் ஓய்வு பெற்ற தபால்காரி ஈஷ்பல் பீட்டனும் செய்து வருகிறோம். நான் வாசிப்பேன், அவர் எழுதுவார். சம்பளம் கிடையாது. பேச ஓர் ஆள் கிடைக்கிறது என்றுதான் நான் போகிறேன். மழை நாளில் அதுவும் இல்லை.

சென்ற குளிர்காலத்தில் வட்டார நிர்வாகத்தின் ஆட்கள் வந்து ஒவ்வொரு கல்லையும் தள்ளிப் பார்த்து, ஆடியதையெல்லாம் படுக்க வைத்தார்கள். யார் மேலாவது விழுந்துவிடுமாம். என் மனைவி மோராக் மாதசனின் கல்லைக் குப்புறத் தள்ளிவிட்டுப் போனார்கள். மனு கொடுத்தேன், பதில் இல்லை.

அதன் பிறகு நேற்றுக் காலை வரிசையில் அந்தக் கல்லின் முறை வந்தது. எழுத்துள்ள முகம் தெரியாத கல்லுக்கு, வாசிக்க முடியவில்லை என்று எழுதுவது எங்கள் வழக்கம். ஈஷ்பல் பேனாவை மூடிவிட்டு, “உங்களுக்குத்தான் மனப்பாடமாச்சே, சொல்லுங்க எழுதிக்கறேன். யாரு வந்து பாக்கப் போறாங்க?” என்றார். “பாத்துத்தான் எழுதணும். தெரிஞ்சத எழுத வீட்டுலயே உக்காந்திருக்கலாமே” என்றேன். “கல்ல விட உங்க மண்டை கெட்டி” என்றார்.

அதன் பிறகு என் காரின் ஜாக்கியை வைத்துக் கல்லைக் கொஞ்சம் கொஞ்சமாக உயர்த்தி, கட்டைகள் முட்டுக்கொடுத்து நிமிர்த்தி, எழுத்து எடுப்பாகத் தெரிய முகம் பார்க்கும் கண்ணாடியால் வெயிலைப் பக்கவாட்டில் அடித்து, ஈஷ்பல் எழுத எழுத வாசித்தேன். மோராக் என்ற இடத்தில் நிறுத்திவிட்டேன். அந்தப் பெயரை வாய்விட்டுச் சொல்லி வெகு காலம் ஆகியிருந்தது. ஈஷ்பல் தலையை நிமிர்த்தவில்லை, “மெதுவா சொல்லுங்க, அவசரமில்ல” என்றார்.

அதன் பிறகு புல் வெட்ட வந்த நிர்வாகத்தின் மேஸ்திரி, “ஏன் பெரியவரே, கல்லு உங்க மேல சாஞ்சா யாரு பதில் சொல்றது?” என்று கத்தினார். “சாஞ்சா சாயட்டும். பக்கத்துலயே எனக்கும் இடம் வாங்கிப் போட்டாச்சு, தூக்கிட்டுப் போற வேலை மிச்சம்” என்றேன். அவர் கல்லை மறுபடி தள்ள வந்தார். நான் முன்னால் நின்றுகொண்டேன், நகரவில்லை. அவரை அடிக்கவில்லை. அதன் பிறகு அவர் போலீஸைக் கூப்பிட்டார்.

கல்லைத் தூக்கியது நான்தான், ஈஷ்பலுக்கு அதில் பங்கு இல்லை. அபராதம் போட்டால் கட்டுகிறேன். கல்லைத் திரும்பவும் சாய்த்தே ஆகவேண்டும் என்றால் மல்லாக்கச் சாய்க்கட்டும். எங்களுக்குப் பிள்ளை இல்லை. எனக்குப் பிறகு வந்து அதைப் புரட்டிப் பார்க்க ஆள் கிடையாது.

நான் சொன்னதைப் போலீஸார் எழுதி எனக்கு வாசித்துக் காட்டினார்கள். எல்லாம் நடந்தது நடந்தபடி, உண்மை.

(ஒப்பம்) டோர்க்வில் நிகல்சன்