கொஞ்சம் சத்தமாச் சொல்லு

தொடர் பார்க்கும்போது யாராவது குறுக்கே பேசினால் எனக்குப் பிடிக்காது. இதில் தப்பொன்றும் இல்லை.

அன்று மகள் குளியலறையிலிருந்து துண்டு கேட்டாள். மறுபடியும் கேட்டாள். கதாநாயகிக்கு நினைவு திரும்புகிற கட்டம், நான் எழவில்லை. சொட்டச் சொட்ட வந்து, தோளைத் தொட்டு, காதருகே குனிந்து, "ஏம்மா, காது கேக்கலையா?" என்றாள். அவள் என்னைத் தொட்டுப் பேசி ரொம்ப நாளாகியிருந்தது.

"என்னடி? கொஞ்சம் சத்தமாச் சொல்லு" என்றேன். நான் செய்தது அவ்வளவுதான்.

அதன்பிறகு வருஷக்கணக்கில் நிறுத்த வழி தெரியவில்லை. காது கேட்கிற அம்மாவுக்குப் பிள்ளைகள் 'ம்' கொட்டுவார்கள். கேட்காத அம்மாவிடம் பக்கத்தில் உட்கார்ந்து, முகம் பார்த்துப் பேசுகிறார்கள். என் எதிரிலேயே தோழியிடம் போனில், "எங்கம்மா சமையலா? ஆயுள் தண்டனைடி" என்றாள். முகம் அசையாமல் வெங்காயம் உரித்தேன். மறுநாள் உப்பைக் கொஞ்சம் கூட்டினேன்.

அவளுக்கு இரவு ஷிப்ட். போனில் வாடிக்கையாளர்களுக்குப் பதில் சொல்கிற வேலை. வீட்டில் என்னிடம் கத்திப் பழகிய தொண்டை அங்கேயும் கத்தியது. "பில் வரலைன்னுதானே கேட்டேன், ஏம்மா அடிக்க வர்ற?" என்று ஒரு பெரியவர் அழாத குறையாகப் புகார் செய்தார். வேலை போயிற்று. எனக்கும் வருத்தம்தான். ஆனால் பகலில் விழித்திருந்தாள், சேர்ந்து சாப்பிட்டோம்.

பிறகு காது டாக்டரிடம் கூட்டிப்போனாள். சத்தம் கேட்டால் பொத்தானை அழுத்தச் சொன்னார்கள். அழுத்தவேயில்லை. மகளை வெளியே கூட்டிப்போய், கதவுக்கு அந்தப் பக்கம் டாக்டர் தணிந்த குரலில் சொன்னார்: "உங்கம்மாவுக்கு நல்லாவே கேக்குது. அவங்க முதுகுக்குப் பின்னாடி பேனாவைப் போட்டேன். திரும்பிக் குனிஞ்சு எடுத்துக் குடுத்தாங்க."

டாக்டர்களுக்கு வாய் அதிகம். என் மகள் அதையெல்லாம் நம்புகிறவள் இல்லை.

சாயங்காலம் பெட்டியோடு என் பின்னால் வந்து நின்று, ரொம்ப மெதுவாகச் சொன்னாள். "நான் போறேம்மா. போகாதேன்னு ஒரு வார்த்தை சொல்லு, இருந்துடறேன்."

ஒவ்வொரு எழுத்தும் கேட்டது. கதவு சாத்திய சத்தமும், படியிறங்கிய செருப்புச் சத்தமும் கேட்டன.

நான் திரும்பவில்லை. திரும்பியிருந்தால், இத்தனை நாள் நடித்தேன் என்று பாவம் பிள்ளைக்குத் தெரிந்துபோயிருக்கும்.